எஃப்1 அழுத்தினால் வெள்ளைப் பக்கமா? டிஎல்எல் தேடி ஓடாதீர்கள்

பழைய மென்பொருளில் உதவிக் கோப்பு திறக்கவில்லை என்றால் நம் ஆட்கள் செய்கிற முதல் காரியம், கூகுளில் போய் "எச்எச்சிடிஆர்எல் ஃப்ரீ டவுன்லோட்" என்று தேடுவது. வினை அங்கேதான் ஆரம்பிக்கிறது. அந்தக் கோப்பு உண்மையிலேயே காணாமல் போயிருந்ததை நான் அபூர்வமாகத்தான் பார்த்திருக்கிறேன். பெரும்பாலும் அது இருந்த இடத்தில் குத்துக்கல்லாட்டம் உட்கார்ந்திருக்கும். விண்டோஸ்தான் வேண்டுமென்றே கதவைச் சாத்தி வைத்திருக்கும். ஏன் சாத்தியது, எங்கே திறப்பது என்பதைக் கொஞ்சம் விலாவாரியாகச் சொல்கிறேன். பதிவு நீளம். காபி போட்டுக்கொண்டு வந்து உட்காருங்கள்.

முதலில், சிஎச்எம் என்று முடியும் அந்த உதவிக் கோப்பு என்னவென்றே கேட்கிற இளவட்டத்துக்காக ஒரு குட்டி வரலாறு.

1990-இல் விண்டோஸ் 3.0 வந்தபோது கூடவே வந்தது வின்ஹெல்ப். எச்எல்பி என்று முடியும் கோப்புகள், மஞ்சள் கேள்விக்குறி போட்ட சின்னப் புத்தகப் படம். அதை எழுதியவர்கள் பட்ட பாடு இருக்கிறதே! வேர்டில் எழுதி ஆர்டிஎஃப் ஆகச் சேமிக்க வேண்டும். ஒவ்வொரு பக்கத்துக்கும் அடையாளப் பெயரை, தலைப்பை, தேடுசொல்லை எல்லாம் அடிக்குறிப்பாகப் போட வேண்டும். அடிக்குறிப்புக் குறி ஹேஷ் என்றால் ஒரு அர்த்தம், டாலர் என்றால் இன்னொன்று, கே என்றால் வேறொன்று. ஒரு குறி மாறினால் தேடினாலும் அந்தப் பக்கம் சிக்காது. இதற்குள் இணையம் வந்து, எல்லோரும் எச்டிஎம்எல் எழுதப் பழகிவிட்டார்கள். 1996-இல் மைக்ரோசாஃப்ட் "இனி உதவிப் பக்கங்களும் எச்டிஎம்எல்தான்" என்று அறிவித்தது. 1997-இல் இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரர் 4 கூடவே எச்டிஎம்எல் ஹெல்ப் வெளிவந்தது. விண்டோஸ் 98-இன் சொந்த உதவியே அதில்தான் இருந்தது. விஷுவல் ஸ்டூடியோ 6 வாங்கியவர்களுக்கு எம்எஸ்டிஎன் நூலகம் முழுக்க அதே வடிவத்தில் சிடிக்களில் வந்தது. அட்டவணையை மட்டும் ஹார்ட் டிஸ்கில் வைத்துக்கொண்டு, பக்கங்களைச் சிடியிலேயே விட்டுவிடுகிற வசதிகூட இருந்தது. டிஸ்க் இடத்துக்குப் பஞ்சம் இருந்த காலம் அது.

செய்முறை எளிது. எச்டிஎம்எல் பக்கங்கள், படங்கள், பொருளடக்கத்துக்கு எச்எச்சி கோப்பு, சொல்லடைவுக்கு எச்எச்கே கோப்பு, இவற்றையெல்லாம் கட்டி மேய்க்க எச்எச்பி என்ற திட்டக் கோப்பு. இலவசமாகக் கிடைத்த எச்டிஎம்எல் ஹெல்ப் வொர்க்ஷாப்பில் போட்டுக் கம்பைல் செய்தால் ஒரே ஒரு சிஎச்எம். அந்த "ஒரே ஒரு" என்பதில்தான் அதன் அழகு. இருநூறு பக்கம், நூறு படம் எல்லாம் ஒரு கோப்புக்குள். காப்பி பண்ணலாம், மெயிலில் அனுப்பலாம், இணையம் இல்லாத இடத்திலும் படிக்கலாம்.

இப்போது உள்ளே போவோம். சிஎச்எம்மை டபுள் கிளிக் செய்தால் எச்எச் என்கிற குட்டி நிரல் ஓடுகிறது. விண்டோஸ் ஃபோல்டரிலேயே இருக்கும். விண்டோஸ் 11-இலும் இருக்கிறது, போய்ப் பாருங்கள். ஆனால் அது வெறும் வாசல்காரன். வேலை செய்வது மூன்று பேர்.

முதலாவது எச்எச்சிடிஆர்எல். ஓசிஎக்ஸ் என்று முடியும். அதாவது ஆக்டிவ்எக்ஸ் கண்ட்ரோல். இடது பக்கம் பொருளடக்க மரம், இன்டெக்ஸ், தேடல் தாவல்கள், மேலே பொத்தான்கள், இந்த ஜன்னல் முழுக்க அதன் கைவேலை. இரண்டாவது ஐடிஎஸ்எஸ். இன்ஃபோடெக் ஸ்டோரேஜ் சிஸ்டம் என்பதன் சுருக்கம். சிஎச்எம் என்ற மூட்டையைப் பிரித்து, கேட்ட பக்கத்தை மட்டும் எடுத்துத் தருவது இது. மூன்றாவது ஐடிஐஆர்சிஎல், முழு உரைத் தேடல் அதன் பொறுப்பு. மூன்றும் டிஎல்எல் வகை நூலகக் கோப்புகள், பொதுச் சொத்து. எந்த நிறுவனத்தின் மென்பொருளாக இருந்தாலும், எஃப்1 அழுத்தினால் இந்த மூன்றைத்தான் கூப்பிடும்.

பக்கத்தை வரைவது யார் என்று கேட்கிறீர்களா? அது நான்காவது ஆள்: இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரரின் இயந்திரமான எம்எஸ்எச்டிஎம்எல். உதவி ஜன்னலின் வலது பாதி உண்மையில் முகமூடி போட்ட இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரர். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வரும் தொல்லை முக்கால்வாசி இதனால்தான்.

மூட்டைக்குள் என்ன இருக்கிறது என்று பார்க்க ஆசைப்பட்டு ஒரு சிஎச்எம்மை ஹெக்ஸ் எடிட்டரில் திறந்தால், முதல் நான்கு பைட்டில் ஐ, டி, எஸ், எஃப் என்ற எழுத்துகள் நிற்கும். அதுதான் இந்த வடிவத்தின் முத்திரை. உள்ளே ஒரு முழு ஃபைல் சிஸ்டமே உண்டு: ஃபோல்டர், கோப்புப் பெயர், எந்தக் கோப்பு எத்தனையாவது பைட்டில் தொடங்குகிறது என்ற பட்டியல். பக்கங்கள் எல்இசட்எக்ஸ் என்ற முறையில் சுருக்கப்பட்டிருக்கும். இந்த எல்இசட்எக்ஸின் பூர்வீகம் மைக்ரோசாஃப்ட் இல்லை, அமீகா கணினி. ஜோனாதன் ஃபோர்ப்ஸ், டோமி பூட்டானென் என்ற இருவர் அமீகாவுக்காக எழுதியது. ஃபோர்ப்ஸ் பிறகு மைக்ரோசாஃப்டில் சேர, அதே முறை கேப் கோப்புகளுக்கும் சிஎச்எம்முக்கும் வந்து சேர்ந்தது.

ஐடிஎஸ்எஸ் செய்கிற ஒரு காரியம் எனக்கு இன்றைக்கும் பிடிக்கும். சாதாரணமாக எல்லாக் கோப்புகளையும் ஒரே ஓட்டமாகச் சேர்த்துச் சுருக்கினால், நடுவில் இருக்கும் ஒரு பக்கம் வேண்டுமென்றால் முதலிலிருந்து விரித்துக்கொண்டே வர வேண்டும். சிஎச்எம்மில் குறிப்பிட்ட இடைவெளிக்கு ஒருமுறை சுருக்கம் புதிதாகத் தொடங்கும். அந்த இடங்களுக்கு ஒரு பட்டியலும் உண்டு. நீங்கள் கடைசி அத்தியாயத்தைக் கிளிக் செய்தால், அதற்குச் சற்று முன்னால் உள்ள தொடக்கப் புள்ளியிலிருந்து மட்டும் விரித்தால் போதும். பென்டியம் காலத்துக் கணினியிலும் பெரிய கையேடுகள் சட்டென்று திறந்ததற்கு இதுவும் ஒரு காரணம். இன்றைக்குப் பல "நவீன" உதவிப் பக்கங்கள் திறப்பதற்குள் டீ ஆறிவிடுகிறது.

சரி, பொதுக் கோப்பு விஷயத்துக்கு வருவோம். இந்த ஏற்பாடு கல்யாண மண்டபத்துப் பாத்திரம் மாதிரி. யாரும் வீட்டிலிருந்து அண்டா தூக்கிக்கொண்டு போக வேண்டாம். ஆனால் போன வாரத்துக்காரர் அடிப்பிடிக்க விட்டிருந்தால் இந்த வாரம் உங்கள் சாம்பாரிலும் அந்த வாசம். விண்டோஸ் 95 காலத்தில் ஒரு மென்பொருளை நிறுவும்போது எச்எச்அப்டி என்ற தனி நிறுவியும் கூடவே ஓடும். அதன் வேலையே இந்த மூன்று கோப்புகளைப் புதுப்பிப்பதுதான். ஒழுங்கான நிறுவி என்றால் ஏற்கெனவே இருப்பது புதுசா பழசா என்று பார்க்கும். ஒழுங்கில்லாதது, தன்னிடம் உள்ள பழைய பதிப்பைத் தூக்கி மேலே போட்டுவிடும். அடுத்த நாள் வேறு ஏதோ மென்பொருளின் உதவி திறக்காது. பழி அந்த அப்பாவியின் மேல். டிஎல்எல் நரகம் என்று அந்தக் காலத்தில் திட்டியது இதைத்தான். விண்டோஸ் 2000 முதல் கணினிக் கோப்புகளுக்கு விண்டோஸே காவல் நிற்க ஆரம்பித்த பிறகு இந்தத் தொல்லை பெருமளவு தீர்ந்தது.

அப்படியென்றால் இப்போது ஏன் திறக்கவில்லை?

சொன்னேனே, வலது பாதி இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரர் என்று. ஐடிஎஸ்எஸ் தனக்கென்று சில முகவரி வகைகளை எக்ஸ்ப்ளோரரில் பதிவு செய்து வைத்திருந்தது. எச்டிடிபி என்று தொடங்கும் முகவரிபோல எம்எஸ்-ஐடிஎஸ் என்று தொடங்கும் முகவரி. அதைக் கொடுத்தால் சிஎச்எம்முக்குள் இருக்கும் பக்கம் திறக்கும். உள்ளூர்க் கோப்புக்கு என்று நினைத்துச் செய்த வசதி. ஆனால் உள்ளூர்ப் பக்கங்களுக்கு எக்ஸ்ப்ளோரர் கொடுத்த சலுகை அதிகம். இணையப் பக்கம் செய்ய முடியாத பலதை உள்ளூர்ப் பக்கம் செய்யலாம். உதவிப் பக்கத்தில் ஒரு பொத்தானை அழுத்தினால் கண்ட்ரோல் பேனல் திறக்கும் பாருங்கள், எச்எச்சிடிஆர்எல்லில் அப்படி நிரலை ஓட்டுகிற கட்டளையே உண்டு. எங்கோ ஒரு தளத்தில் இருக்கும் சிஎச்எம்மை உள்ளூர்க் கோப்பு என்று நம்பவைத்துவிட்டால்? திருடனுக்கு வேறென்ன வேண்டும்.

அதைத்தான் செய்தார்கள். 2004-இல் இந்த முகவரி வகையை வைத்து எக்ஸ்ப்ளோரரை ஏமாற்றும் தாக்குதல்கள் பரவின. அந்த ஏப்ரலில் ஒரு பேட்ச். 2005 ஜனவரியில் எச்டிஎம்எல் ஹெல்ப் கண்ட்ரோலுக்கே ஒரு பேட்ச்; அந்த ஆண்டின் முதல் பாதுகாப்பு அறிக்கையே அதுதான். ஜூனில் இன்னொன்று. இந்த ஜூன் பேட்ச்தான் கதவைச் சாத்தியது. இனிமேல் சிஎச்எம் உங்கள் சொந்தக் கணினியில் இருந்தால் மட்டுமே பக்கம் தெரியும். நெட்வொர்க்கில் பகிர்ந்த ஃபோல்டரில் இருந்தால் தெரியாது. கோப்பு கெடவில்லை, நூலகமும் கெடவில்லை. ஐடிஎஸ்எஸ் மறுத்துவிடுகிறது, அவ்வளவுதான்.

இது அலுவலகங்களில் இன்றைக்கும் ஆளை அலைக்கழிக்கிறது. தெரிந்த தம்பி ஒருவர் ஒரு ஆடிட்டர் அலுவலகத்தில் கணினி பார்த்துக்கொள்கிறார். பழைய கணக்கு மென்பொருள், சர்வரில் ஒரு ஃபோல்டரில் போட்டு எல்லோரும் ஷார்ட்கட் வழியாக ஓட்டுகிறார்கள்.

"அண்ணே, எஃப்1 அழுத்தினா இடது பக்கம் தலைப்பெல்லாம் வருது. வலது பக்கம் மட்டும் பக்கத்தைக் காட்ட முடியலன்னு நிக்குது."

"சர்வர்லயே உக்காந்து திறந்து பாத்தியா?"

"அங்க நல்லா வருதுண்ணே. இதுக்கு முன்னாடி ஒருத்தர் வந்து ஏதோ டிஎல்எல் போட்டுட்டுப் போனார். அப்புறமும் அப்படியேதான்."

"அதை முதல்ல எடு."

அவர் சொன்ன மூன்று வாக்கியத்திலேயே நோய் தெரிந்துவிட்டது. இடது பக்க மரத்தை எச்எச்சிடிஆர்எல் தானே படித்து வரைகிறது, அதற்குத் தடையில்லை. வலது பக்கம் எக்ஸ்ப்ளோரர் வழியாக வர வேண்டும், அங்கே தடை. தலைப்பு வருகிறது, பக்கம் வரவில்லை என்றாலே நூலகக் கோப்புகள் உயிரோடு இருக்கின்றன என்று அர்த்தம். மருந்தும் எளிது: சிஎச்எம்மை அந்தந்தக் கணினிக்குக் காப்பி செய்துவிடுவது. முடியாத இடத்தில், ரெஜிஸ்ட்ரியில் எச்டிஎம்எல் ஹெல்ப் பகுதியின் கீழ் ஐடிஎஸ்எஸ் ரெஸ்ட்ரிக்ஷன்ஸ் என்ற இடத்தில் மேக்ஸ்-அலவ்டு-ஸோன் மதிப்பை 1 என்று வைத்தால் உள் நெட்வொர்க்குக்கு மட்டும் அனுமதி கிடைக்கும். அதற்கு மேல் ஏற்றாதீர்கள். 3 வைத்தால் இணையத்துக்கே கதவைத் திறந்து விட்டதாகும்.

முன்னால் வந்த மனிதர் செய்த கைங்கரியம்தான் பெரிய வேலை வைத்தது. எங்கிருந்தோ இறக்கிய ஒரு எச்எச்சிடிஆர்எல்லை மென்பொருளின் ஃபோல்டரில் போட்டு, அதையே ரெஜிஸ்டரும் செய்திருந்தார். மென்பொருள்கள் இந்தக் கோப்பு எங்கே இருக்கிறது என்று ரெஜிஸ்ட்ரியைக் கேட்டுத்தான் ஏற்றும். ஆக, அந்தக் கணினியில் எந்த மென்பொருளில் எஃப்1 அழுத்தினாலும் ஊர் பேர் தெரியாத அந்தக் கோப்புதான் ஓடும். தம்பி அதை நீக்கிவிட்டு, விண்டோஸின் சொந்தக் கோப்பை ரெக்எஸ்விஆர்32 கொண்டு மறுபடி ரெஜிஸ்டர் செய்தார்.

இதில் ஒரு கோணங்கித்தனம் உண்டு. 64 பிட் விண்டோஸில் 64 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்டம்32 என்ற ஃபோல்டரில். 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில். பெயர் வைத்தவரை என்ன சொல்வது! பழைய மென்பொருள் பெரும்பாலும் 32 பிட். அது தேடுவது சிஸ்வாவ்64-இல் இருப்பதை. இது தெரியாமல் சிஸ்டம்32-இல் எதைப் போட்டுத் தட்டினாலும் பயனில்லை. கோப்பு உண்மையிலேயே பழுது என்று சந்தேகம் வந்தால், அட்மின் கமாண்ட் ப்ராம்ப்ட்டில் எஸ்எஃப்சி ஸ்கேன்நவ் ஓட்டுங்கள். விண்டோஸ் தன்னிடம் உள்ள சுத்தமான நகலை எடுத்து வைத்துக்கொள்ளும். டிஎல்எல் விற்கும் தளங்களின் பக்கமே தலைவைத்துப் படுக்காதீர்கள்.

வீட்டுக் கணினியில் வருகிற தொல்லை வேறு ரகம். இணையத்திலிருந்து இறக்கிய சிஎச்எம், சொந்த டிஸ்கில்தான் இருக்கிறது, ஆனாலும் வெள்ளைப் பக்கம். எக்ஸ்பி சர்வீஸ் பேக் 2 காலத்திலிருந்து, இறக்கிய கோப்பின் மேல் விண்டோஸ் "இது வெளியாள்" என்று ஒரு மறைவான சீட்டு ஒட்டிவிடுகிறது. கோப்பை ரைட் கிளிக் செய்து ப்ராப்பர்ட்டீஸ் போனால் கீழே அன்பிளாக் என்று இருக்கும். டிக் அடித்து ஓகே கொடுத்தால் தீர்ந்தது. கொடுத்தவரை நம்பினால் மட்டும் அதைச் செய்யுங்கள். "பென் டிரைவில் போட்டுத் திரும்ப எடுத்தால் திறக்குது சார், என்ன மாயம்?" என்று கேட்பவர்கள் உண்டு. மாயமில்லை. அந்தச் சீட்டு என்டிஎஃப்எஸ் டிஸ்கில் மட்டும்தான் ஒட்டும். ஃபேட்32 பென் டிரைவுக்குப் போனதும் உதிர்ந்துவிடும்.

இன்னொன்று, சிரிப்பு வரும். கோப்பு இருக்கும் பாதையில் எங்காவது ஹேஷ் குறி இருந்தால் சிஎச்எம் திறக்காது. முகவரியில் ஹேஷ் என்றால் "பக்கத்துக்குள் இந்த இடத்துக்குப் போ" என்று அர்த்தம்; அதோடு பாதை முடிந்துவிட்டதாக எடுத்துக்கொள்ளும். யார் மாட்டுவார்கள்? சி ஷார்ப் படிக்கிறவர்கள்தான். பாடப் புத்தகத்தையெல்லாம் சி ஷார்ப் என்று குறியோடு பெயர் வைத்த ஃபோல்டரில் போட்டுவிட்டு, மைக்ரோசாஃப்டின் மொழியை மைக்ரோசாஃப்டின் உதவி வடிவத்தில் படிக்க முடியாமல் முழிப்பார்கள்.

இனி நம் மொழிக்கு வருவோம். எனக்கு இந்த வடிவத்தின் மேல் உள்ள பெரிய மனக்குறை பாதுகாப்பு பற்றியது இல்லை. சிஎச்எம்முக்கு யூனிகோட் தெரியாது. பக்கத்தின் உள்ளே யுடிஎஃப்-8-இல் தமிழ் எழுதினால் அழகாக வரும், ஏனென்றால் அதை வரைவது எக்ஸ்ப்ளோரர். ஆனால் பொருளடக்கம், சொல்லடைவு, தேடல் மூன்றும் பழைய ஆன்ஸி குறிப்பக்கங்களை நம்பியவை. ஜப்பானியம், ரஷ்யன், அரபி எல்லாவற்றுக்கும் விண்டோஸில் அப்படி ஒரு குறிப்பக்கம் உண்டு. தமிழுக்குக் கிடையாது, இந்திக்கும் கிடையாது. விண்டோஸ் 2000-இல் லதா எழுத்துருவோடு தமிழ் நுழைந்தபோதே யூனிகோட் வழியாக மட்டும்தான் நுழைந்தது. நமக்கு நல்லதுதான் நடந்தது. ஆனால் இந்த ஒரு வடிவத்தில் மாட்டிக்கொண்டோம். தமிழில் பொருளடக்கம் போட்டுக் கம்பைல் செய்தால் மரம் முழுக்கக் கேள்விக்குறியாகக் காய்த்துத் தொங்கும்.

அதற்கும் வழி இருந்தது. பொருளடக்கத்துக்கு எழுத்துருவைக் குறிப்பிட வொர்க்ஷாப்பில் இடம் உண்டு. டிஸ்கி, டாம், டாப் என்று நாம் 8 பிட் எழுத்துருக்களோடு குடும்பம் நடத்திய காலத்தில், அப்படி ஒரு எழுத்துருவைக் கொடுத்துவிட்டால் மரத்தில் தமிழ் வந்துவிடும். படிக்கிறவர் கணினியில் அந்த எழுத்துரு இல்லையென்றால் அவர் கண்ணில் படுவது ஐரோப்பிய எழுத்துகளின் அவியல். யூனிகோட் பிடிவாதக்காரர்கள் இடது மரத்தில் ஆங்கிலத் தலைப்பை வைத்துவிட்டு, முதல் பக்கத்திலேயே தமிழில் பொருளடக்கம் எழுதி இணைப்புக் கொடுத்துச் சமாளிக்கலாம். தேடலுக்கு மட்டும் வழியே இல்லை.

மைக்ரோசாஃப்ட் இதைச் சரிசெய்திருக்கலாம். ஹெல்ப் 2 என்று ஒரு புது வடிவத்தை விஷுவல் ஸ்டூடியோ டாட் நெட்டோடு 2002-இல் கொண்டுவந்தது. எல்லோருக்கும் தருவதாக இருந்து, பிறகு கைவிட்டது. விஸ்டாவுக்கு ஒன்று, விஷுவல் ஸ்டூடியோ 2010-க்கு இன்னொன்று என்று வீட்டுக்குள்ளேயே மாற்றி மாற்றிச் சமைத்தார்கள். வெளியாருக்கு இலையே போடவில்லை. கடைசியில் விண்டோஸ் 10-இல் ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் எஃப்1 அழுத்தினால் பிரவுசர் திறந்து பிங்கில் தேடுகிறது. இணையமே வரவில்லை என்று உதவி கேட்பவனை இணையத்துக்கு அனுப்புகிறார்கள். இதைவிட சிஎச்எம் எவ்வளவோ மேல் என்பது என் கட்சி.

ஆனால் கட்சிக்காகக் கண்ணை மூடிக்கொள்ள முடியாது. இன்றைக்குச் சிஎச்எம் இணைப்போடு ஒரு மெயில் வந்தால், அது கையேடாக இருப்பதைவிட வலையாக இருப்பதற்கே வாய்ப்பு அதிகம். வட கொரியாவோடு தொடர்புபடுத்தப்படும் கிம்சுகி குழு இந்த வடிவத்தை விரும்பிப் பயன்படுத்துவதாகப் பாதுகாப்பு நிறுவனங்கள் திரும்பத் திரும்ப எழுதியிருக்கின்றன. தாக்குதல் முறைகளைத் தொகுக்கும் மைட்டர் பட்டியலில் இதற்கென்று தனி எண்ணே இருக்கிறது. கேட்காமல் வந்த சிஎச்எம்மைத் திறக்காதீர்கள். எச்எச் என்ற அந்த வாசல்காரன் மைக்ரோசாஃப்டின் கையொப்பம் பெற்றவன் என்பதால் பல காவல் மென்பொருள்கள் அவனைச் சந்தேகிப்பதில்லை.

புதிதாகக் கையேடு எழுதுகிறவர்கள் சிஎச்எம் பக்கம் போக வேண்டாம். சாதாரண எச்டிஎம்எல் பக்கங்களாக ஒரு ஃபோல்டரில் போட்டுத் தந்தாலே போதும். பைத்தான்காரர்கள் பல ஆண்டுகள் சிஎச்எம் தந்துவிட்டு அந்த வழிக்குத்தான் வந்தார்கள். பழையதை வைத்திருப்பவர்களிடம் ஒரே ஒரு வேண்டுகோள். எச்எச் கட்டளையோடு டீகம்பைல் என்று சேர்த்து, ஒரு ஃபோல்டர் பெயரும் கோப்பின் பெயரும் கொடுத்தால் உள்ளே இருக்கும் எல்லாப் பக்கங்களையும் அப்படியே வெளியே கொட்டிவிடும். அதுவும் வேண்டாமென்றால் 7-ஜிப்பில் திறந்து பிரித்துக்கொள்ளலாம்; லினக்ஸிலும் எக்ஸ்சிஎச்எம் போன்ற நிரல்கள் உண்டு. டிஸ்கி காலத்தில் செய்த தமிழ்க் கையேடு, அகராதி, இலக்கியத் தொகுப்பு எதுவாவது உங்கள் பழைய சிடியில் சிஎச்எம்மாகக் கிடந்தால், இந்த வாரமே பிரித்து, யூனிகோடுக்கு மாற்றி, பொதுவில் எங்காவது போட்டு வையுங்கள். சிடிக்களுக்கு ஆயுசு குறைவு.